மாசி மணத்த சைவச் சூப்

சைவம் என்று சொல்லி என் முன்னால் வைத்த கோப்பையில் மாசி மணத்தது.

மாசி தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். சூரை மீனை அவித்து, புகையூட்டி, விறகுக்கட்டை போல இறுகும்வரை வெயிலில் காயவிட்டால் அதுதான் மாசி. மாலைதீவிலிருந்து இலங்கைக்கு வரும். யாழ்ப்பாணத்தில் அதை உரலில் போட்டு இடித்துச் சம்பலுக்குச் சேர்ப்போம். ஒரு சிட்டிகை போட்டாலும் நாலு வீடு தள்ளி மணக்கும். கண்ணைக் கட்டிவிட்டு நூறு சட்டிகளை முன்னால் வைத்தாலும் மாசிச் சட்டி எது என்று என் மூக்கு சொல்லும். அந்த மூக்கை நம்பவேண்டாம், தன் வாயை நம்பு என்று எனக்கு ஒருவன் பாடம் எடுத்தான். அவனை விடுங்கள், அவனுக்குத் தெரியாது. தெரிந்த மனிதரும் பக்கத்தில்தான் இருந்தார். என் கோபம் அவர்மேல்தான்.

முதலில் நான் ஏன் சைவம் என்று சொல்லவேண்டும்.

ஒன்பது வருடங்களுக்கு முன் என் கணவருக்கு நெஞ்சுவலி வந்தது. சிட்னியில் ஒரு ஆஸ்பத்திரியில் நெஞ்சைத் திறந்து பைபாஸ் செய்தார்கள். நான் வெளியே கதிரையில் இருந்தேன். கையில் அவருடைய மணிக்கூடும் கண்ணாடியும். அப்போது கனடாவிலிருந்து அவருடைய அக்கா போன் எடுத்தார்.

"இஞ்சேரும், ஒண்டுக்கும் யோசியாதையும். நான் முருகனுக்கு நேத்தி வைச்சிட்டன். தம்பி எழும்பினால் நீர் சாகுமட்டும் மச்சம் தொடமாட்டீர் எண்டு."

மச்சம் என்றால் மீன், இறைச்சி, முட்டை எல்லாம். நேர்த்தி வைத்தது அவர், வாயைக் கட்டவேண்டியது நான். கடைத்தேங்காயை எடுத்து வழிப்பிள்ளையாருக்கு உடைப்பது என்பார்களே, அதுதான் இது. எங்கள் ஆட்களுக்கு இது ஒன்றும் புதிதில்லை. தாய் நேர்த்தி வைப்பாள், பிள்ளை காவடி எடுக்கும். ஆனால் நான் பிள்ளை இல்லை. அந்தக் கதிரையில் இருந்த எனக்கு அதையெல்லாம் யோசிக்க மனம் எங்கே இருந்தது? "ஓம் மச்சாள்" என்றேன். மூச்சு விடுவதை நிறுத்து என்று கேட்டிருந்தாலும் ஓம் என்றுதான் சொல்லியிருப்பேன்.

அவர் எழும்பிவிட்டார். முருகனுக்கு நன்றி, இன்றைக்கும் நன்றி. அதில் எனக்கு ஒரு குறையும் இல்லை.

வீட்டுக்கு அனுப்பும்போது டொக்டர் மூன்று விடயம் சொன்னார். ஒவ்வொரு நாளும் நடக்கவேண்டும், ஆட்டிறைச்சியைக் குறைக்கவேண்டும், மீன் நன்றாகச் சாப்பிடவேண்டும். என் கணவர் நடக்கவில்லை. ஆட்டிறைச்சியைக் குறைத்ததும் பெயருக்குத்தான். மீன் சொன்னதை மட்டும் வேதவாக்காகப் பிடித்துக்கொண்டார். ஆக, அவருடைய ஒரு உயிருக்காகக் கடவுளுக்கு நான் சைவம், டொக்டருக்கு அவர் மீன்.

மீனை வாங்கி, வெட்டி, கழுவி, சமைத்தது யார் என்று கேட்கமாட்டீர்கள் என்று நினைக்கிறேன். நான் கடற்கரை ஊரில், மீன் இல்லாமல் சோறு இறங்காத வீட்டில் பிறந்தவள். சிட்னியின் புறநகர் டூங்கபியில் எங்கள் வீட்டுப் பின்வளவில் ஒரு காஸ் அடுப்பு இருக்கிறது. மச்சச் சட்டி, மச்சக் கரண்டி எல்லாம் வேறு. குளிரோ வெயிலோ சனிக்கிழமைகளில் வெளியே நின்று மீன் குழம்பு வைப்பேன். உப்புப் பார்க்க முடியாது. குழம்பின் நிறத்தையும் கொதியையும் பார்த்து ஒரு குத்துமதிப்பில் இறக்குவேன். அவர் உள்ளே மேசையில் இருந்து முதல் வாய் வைத்துவிட்டுச் சொல்வார்.

"உப்புக் கொஞ்சம் கூடிப்போச்சு."

அல்லது "புளி காணாது."

ஒன்பது வருடமாக இதே பேச்சு. ஒரு நாளாவது கதிரையை விட்டு எழும்பி, அடுப்படிக்கு வந்து, உள்ளங்கையை நீட்டி, "விடும், நான் உப்புப் பாக்கிறன்" என்று சொன்னது கிடையாது. இதை எழுதும்போதே எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

போன குளிர்காலத்தில் எங்கள் திருமணத்துக்கு முப்பது வருடம் நிறைந்தது. மெல்பேர்னில், கிளேட்டன் பக்கம் ஆராய்ச்சி செய்துகொண்டிருக்கிற எங்கள் மகள் பரிசு என்று ஒன்றை அனுப்பினாள். சிட்னி நகரத்துக்குள் நடந்து நடந்து ஜப்பானியரின் பாரம்பரியச் சாப்பாடும் பானமும் ருசி பார்க்கிற சுற்றுலா. கூட்டிக்கொண்டு போக ஒரு வழிகாட்டி.

"அம்மா, உங்களுக்கு வெஜிடேரியன் எண்டு போட்டிருக்கிறன். அவங்கள் கன்ஃபர்ம் பண்ணிட்டாங்கள். ஜஸ்ட் எஞ்சாய்" என்றாள்.

எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. பொய் சொல்லக்கூடாது. அன்றைக்கும் ஒரு சனிக்கிழமை. பின்வளவில் நிற்கவேண்டாம், ஒருவருடைய உப்பைப் பற்றியும் கவலைப்படவேண்டாம். நல்ல சப்பாத்துப் போட்டு, மகள் வாங்கித் தந்த சால்வையைச் சுற்றிக்கொண்டு ரயில் ஏறினேன்.

வழிகாட்டி உயரமான ஒரு வெள்ளைக்காரப் பையன். முப்பது வயதிருக்கும். ஒசாக்காவில் சில வருடங்கள் ஆங்கிலம் படிப்பித்தவனாம். ஜப்பானியக் கடைக்காரர்கள் போடுவது போல நீலத்தில் ஒரு குட்டைச் சட்டை போட்டிருந்தான். டவுன்ஹால் படிக்கட்டில் எங்கள் எல்லோரையும் நிறுத்திப் பெயர் கேட்டான். என் முறை வந்ததும் பெயரைக் கேட்காமலே, "ஆ, நீங்கள்தான் எங்கள் வெஜிடேரியன்!" என்று கைதட்டினான். அதன்பிறகு அன்று முழுவதும் எனக்கு அதுதான் பெயர்.

முதலில் ஒரு தேநீர்க் கடை. பச்சைத் தேயிலைத் தூளை மூங்கில் துடைப்பத்தால் நுரைக்க அடித்துக் கோப்பையில் தந்தார்கள். கசந்தது, ஆனால் எனக்குப் பிடித்தது. கூடவே ஒரு இனிப்பு. சிவப்புப் பயறை அவித்து மசித்துச் சீனி போட்டு உருட்டியது. மோதகத்தின் மாவை உரித்துவிட்டு உள்ளே இருப்பதை மட்டும் தின்பது போல இருந்தது. அதைச் செய்த ஜப்பானியப் பெண் பக்கத்திலேயே நின்றார். யாராவது கேள்வி கேட்டால் அவர் வாயைத் திறப்பார், அதற்குள் வழிகாட்டி பதில் சொல்லிவிடுவான். இரண்டு தரம் திறந்து பார்த்தார். பிறகு சிரித்துக்கொண்டே கோப்பைகளை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். அந்தச் சிரிப்பு எனக்குத் தெரிந்த சிரிப்பு. நானும் சனிக்கிழமைகளில் அப்படித்தான் சிரிப்பேன்.

அடுத்தது தெருவோரக் கடை ஒன்று. கணவாய் வகையை மாவுக்குள் வைத்துக் குழிப்பணியாரம் போலச் சுட்ட உருண்டைகள். எனக்கு இல்லை. ஆனால் வழிகாட்டி ஆளுக்கொரு தட்டு என்று எனக்கும் நீட்டிவிட்டான். நான் திருப்பிக் கொடுக்கும் முன் என் கணவர் கையை நீட்டினார்.

"உமக்கு ஏலாதுதானே. கொண்டாரும்."

தன்னுடைய தட்டையும் என்னுடையதையும் சாப்பிட்டார். சாப்பிட்டுக்கொண்டே, எங்களோடு வந்த ஒரு அவுஸ்திரேலியத் தம்பதிக்கு என் கதையைச் சொன்னார். நல்ல ஆங்கிலத்தில், கையை நெஞ்சில் வைத்துக்கொண்டு சொன்னார். தனக்குப் பெரிய ஆபரேஷன் நடந்ததாம். தான் பிழைத்ததற்காக மனைவி மீனையும் இறைச்சியையும் கடவுளுக்கு விட்டுவிட்டாளாம். வாழ்நாள் முழுவதுக்குமாம். "எல்லாம் எனக்காக" என்றார். வாயின் ஓரத்தில் அந்த உருண்டையின் சாஸ் வழிந்துகொண்டிருந்தது. அந்தப் பெண்மணிக்குக் கண் கலங்கிவிட்டது. எவ்வளவு அழகு என்றார். நான் என் கையில் இருந்த வெறும் தட்டைக் குப்பையில் போட்டேன்.

கோபம் அப்போதே கொஞ்சம் புகையத் தொடங்கிவிட்டது. ஆனால் ஊர் பார்க்க வந்த இடத்தில் முகத்தைத் தூக்கக்கூடாது என்று அடக்கிக்கொண்டேன்.

பிறகுதான் நூடில்ஸ் கடை. சின்ன இடம். நீள மேசையில் நெருக்கியடித்து இருந்தோம். எல்லோருக்கும் முன்னால் ஆவி பறக்கிற கோப்பைகள் வந்தன. தடித்த வெள்ளை நூடில்ஸ், தெளிந்த பொன்னிறத் தண்ணீர். மற்றவர்களுடையதில் மேலே இறால் பொரியல். என்னுடையதில் கீரையும் காளானும். "நமது வெஜிடேரியனுக்கு ஸ்பெஷல்!" என்று வழிகாட்டி தன் கையாலேயே கொண்டுவந்து வைத்தான்.

கோப்பையை முகத்துக்குக் கிட்டே எடுத்தேன். மாசி.

ஒரு கணம் நான் எங்கே இருக்கிறேன் என்றே மறந்துபோனேன். ஒன்பது வருடமாக என் வாய்க்குக் கிட்ட வராத மணம். நாக்கில் எச்சில் ஊறிவிட்டது, அதையும் சொல்லிவிடுகிறேன். கோப்பையை மெல்லக் கீழே வைத்தேன்.

"இதில் மீன் இருக்கிறது" என்றேன் ஆங்கிலத்தில்.

"இல்லை இல்லை, இது சைவம். கடற்பாசியில் எடுத்த சாறு" என்றான் வழிகாட்டி. "அந்த மணம் பாசியின் மணம். முதல்தரம் வருகிறவர்கள் நிறையப் பேர் மீன் என்று நினைப்பார்கள்."

"நான் பாசியைச் சொல்லவில்லை. புகைபோட்டுக் காயவைத்த சூரை மீனைச் சொல்கிறேன். எங்கள் நாட்டிலும் இருக்கிறது. தயவுசெய்து குசினியில் கேளுங்கள்."

அவன் சிரித்தான். சின்னப் பிள்ளை பேய் இருக்கிறது என்று சொன்னால் சிரிப்போமே, அப்படி ஒரு சிரிப்பு. இந்தக் கடைக்கு எத்தனையோ வெஜிடேரியன்களைக் கூட்டி வந்திருக்கிறானாம். ஒருவரும் ஒன்றும் சொன்னதில்லையாம். நான் குழந்தைகள் பராமரிப்பு நிலையத்தில் வேலை செய்கிறவள். நிலக்கடலை ஒத்துவராத பிள்ளைக்கு நிலக்கடலை கொடுத்துவிட்டு, மற்றப் பிள்ளைகள் ஒன்றும் சொல்லவில்லையே என்று நாங்கள் நின்றால் என்ன நடக்கும்? ஒருவர் இதைச் சாப்பிடமாட்டேன் என்று சொன்னால் அதைக் கொடுக்கக்கூடாது. இதற்கு ஒசாக்காவுக்குப் போய்ப் படிக்கவேண்டியதில்லை.

"கேளுங்கள்" என்றேன் மறுபடியும். இந்தமுறை என் குரல் உயர்ந்துவிட்டது. மேசையில் எல்லோரும் நூடில்ஸைத் தூக்கிப் பிடித்தபடி பார்த்தார்கள்.

வேறு வழியில்லாமல் உள்ளே போனான். திரும்பி வந்தபோது காது சிவந்திருந்தது. பாசியோடு கொஞ்சம் உலர்ந்த மீன் சீவலும் சேர்ப்பார்களாம். ஆனால் அதை வடித்து எடுத்துவிடுவார்களாம். "மீன் துண்டு ஒன்றும் உள்ளே இல்லை. வெறும் சாறுதான். ஒரு கணக்கில் பார்த்தால் இதை வெஜிடேரியன் என்று சொல்லலாம்" என்றான்.

சொல்லலாமாம்! எனக்கு உச்சந்தலைக்கு ஏறிவிட்டது. "ஆட்டை அவித்து எலும்பை எடுத்துவிட்டால் அந்தத் தண்ணீரும் சைவம்தானே?" என்று கேட்க வாயெடுத்தேன். அதற்குள் என் கணவர் என் முழங்கையைப் பிடித்தார். குனிந்து, தமிழில், மெதுவாகச் சொன்னார்.

"இஞ்சேரும், துண்டு இல்லையாமெல்லே. பேந்தென்ன? ஒரு சொட்டிலை என்ன கிடக்கு? குடியும். ஆக்கள் பாக்கினம்."

எனக்குச் சரியாகக் கேட்கவில்லையோ என்று அவருடைய முகத்தைப் பார்த்தேன். அவர் இறாலைக் கடித்துக்கொண்டிருந்தார்.

"என்ன சொன்னனீங்கள்?"

"குடியும் எண்டன். பிள்ளை காசு கட்டி அனுப்பினது. சும்மா விரதம் விரதம் எண்டு எல்லாற்றை முன்னாலையும் மானத்தை வாங்காதையும்."

எனக்கு அப்போது அந்த வழிகாட்டிமேல் இருந்த கோபம் முழுவதும் போய்விட்டது. பாவம், அவன் யாரோ. என் நேர்த்தி அவனுக்கு ஒரு சாப்பாட்டுப் பழக்கம், அவ்வளவுதான். ஆனால் இந்த மனிதர்? இது இவருடைய நெஞ்சுக்கு வைத்தது. இவருக்குள்ளே ஓடுகிற இரத்தத்துக்கு வைத்தது. பத்து நிமிடத்துக்கு முன் தெருவில் நின்று, எல்லாம் எனக்காக என்று வெள்ளைக்காரிக்குக் கண்ணீர் வரவைத்தவர் இவர்தான். ஊரெல்லாம் சொல்லிப் பெருமைப்பட அது நேர்த்தி. மேசையில் நாலு பேர் திரும்பிப் பார்த்தால் ஒரு சொட்டு.

நான் குடிக்கவில்லை. கோப்பையை அவர் பக்கம் தள்ளிவிட்டேன். அவர் அதையும் குடித்தார். காளானையும் விடவில்லை.

கடையிலிருந்து வெளியே வந்தபோது நன்றாகக் குளிர்ந்தது. வழிகாட்டி முன்னால் நடந்துகொண்டே ஏதோ அரிசிச் சாராயத்தின் வரலாறு சொன்னான். என் கணவர் அவனோடு ஒட்டிக்கொண்டு தலையாட்டிக்கொண்டு போனார். நான் கடைசியில் நடந்தேன். எனக்கு அழுகை வரவில்லை. கோபம்தான் வந்தது. அதுவும் சும்மா வந்து போகிற கோபமில்லை, ஒன்பது வருடம் மூடி வைத்த சட்டி.

என் தங்கையின் மகனுடைய கல்யாண வரவேற்பில் சாப்பாட்டு மேசையில் நான் மட்டும் தயிரும் சோறும் தின்றதை நினைத்தேன். போன வருடம் எனக்கு இரத்தம் குறைந்து தலைசுற்றி விழுந்தபோது, மீன் கொஞ்சம் சாப்பிடுங்கள் என்று எனக்கும் அதே டொக்டர் சொன்னதை நினைத்தேன். அன்றைக்கு இவர் என்ன சொன்னார் தெரியுமா? "அவவுக்கு ஏலாது டொக்டர், அது கடவுளுக்கு வைச்சது" என்றார். என் இரத்தம் குறைந்தபோது அது கடவுளுக்கு வைத்தது. இவருடைய மானம் குறைந்தபோது அது ஒன்றுமில்லை.

நடந்துகொண்டே முருகனோடு கதைத்தேன். நான் கோயிலில் கண்ணை மூடி நின்று கதைக்கிறவள் இல்லை, இப்படித்தான் வழியில் கதைப்பேன். 'அப்பனே, நான் இதை உடைக்கவில்லை. இது யாருடைய உயிருக்கு வைத்ததோ அந்த ஆளே என்னைப் பார்த்துக் குடியும் என்று சொல்லிவிட்டார். நீயும் கேட்டுக்கொண்டுதான் இருந்தாய். இனி இது உனக்கும் அவருக்கும் இடையில். அவருடைய உயிரை நீ பத்திரமாக வைத்துக்கொள். என்னை விட்டுவிடு.' முருகன் மறுத்து ஒன்றும் சொல்லவில்லை.

கடைசி இடம் ஒரு சின்னச் சாராயக் கடை. நடுவில் கரி அடுப்பு. அதைச் சுற்றி நாங்கள். தலையில் துணி கட்டிய ஒரு மனிதர் உப்புத் தடவிய மீன்களைக் கம்பியில் வைத்துச் சுட்டுக்கொண்டிருந்தார். எங்கள் ஊரில் கும்பளா என்போமே, அதன் ஜப்பானியச் சொந்தக்காரன். தோல் பொங்கி, கருகி, எண்ணெய் கரியில் விழுந்து சீறியது. ஆளுக்குப் பாதி மீனும் ஒரு சின்னக் கிண்ணத்தில் சூடான சாராயமும் வைத்தார்கள். எனக்கு ஊறுகாய் போட்ட முள்ளங்கி. வழிகாட்டி பயந்து பயந்து வந்து, "இதில் மீன் இல்லை, நானே கேட்டுவிட்டேன்" என்றான்.

"நன்றி" என்றேன். உண்மையாகவே சொன்னேன்.

பிறகு கையை நீட்டி, என் கணவருக்கு முன்னால் இருந்த தட்டை என் பக்கம் இழுத்தேன். அவர் சாராயத்தை முகர்ந்துகொண்டிருந்தார், கவனிக்கவில்லை. தந்த இரண்டு குச்சிகளையும் ஓரமாக வைத்துவிட்டுக் கையாலேயே மீனைப் பிய்த்தேன். நடுமுள்ளை ஒரே இழுவையில் எடுத்தேன். கை மறக்கவில்லை. தோலோடு ஒரு துண்டை வாயில் வைத்தேன்.

உப்பு அளவாக இருந்தது.

அந்தத் துண்டை விழுங்குவதற்குள் அவர் திரும்பிப் பார்த்துவிட்டார். கிண்ணம் அவர் கையில் சரிந்து, சாராயம் மேசையில் ஓடியது.

"ஐயோ! என்ன செய்யிறீர்? என்ன செய்யிறீர்? அது மீன்!"

"தெரியும்."

"நேத்தி! நேத்தியெல்லே! துப்பும், துப்பும்!"

எல்லோரும் திரும்பினார்கள். அந்தக் கண் கலங்கிய பெண்மணி தன் கணவரின் கையைப் பிடித்துக்கொண்டார். நான் இரண்டாவது துண்டை எடுத்தேன். என் கணவரின் வலது கை தானாக நெஞ்சுக்குப் போய்விட்டது. தையல் போட்ட இடத்தைத் தடவினார். நெற்றியில் வியர்வை.

"எனக்கு ஏதும் நடந்தால்?" என்றார்.

முப்பது வருடத்தில் நான் அவரை அப்படிப் பார்த்ததில்லை, ஆபரேஷனுக்குப் போகும்போதுகூட. ஆக, அவருக்கு நம்பிக்கை இருந்திருக்கிறது! நான் நினைத்தேன், இந்த மனிதருக்கு நேர்த்தியில் நம்பிக்கை இல்லை, அதனால்தான் ஒரு சொட்டு என்கிறார் என்று. அப்படியென்றால்கூட மன்னித்திருப்பேன். இல்லை. தன் மூச்சு என் வாயில்தான் தொங்குகிறது என்று ஒன்பது வருடமும் நம்பிக்கொண்டே உப்புக் கூடிப்போச்சு என்று சொல்லியிருக்கிறார். நம்பிக்கொண்டேதான் குடியும் என்றும் சொல்லியிருக்கிறார். நான் எப்படியும் குடிக்கமாட்டேன் என்ற தைரியம்!

"இவ்வளவிலை என்ன கிடக்கு?" என்றேன். "ஆக்கள் பாக்கினம். கையை எடுங்கோ."

அந்தப் பாதி மீன் முழுவதையும் தின்றேன். தலைப்பக்கத்தில் இருந்த சதையையும் நோண்டித் தின்றேன். விரலைத் துடைத்துவிட்டு முள்ளங்கியை அவர் பக்கம் தள்ளினேன்.

வீடு திரும்பும் ரயிலில் அவர் தன் மணிக்கட்டைப் பிடித்து நாடி பார்த்துக்கொண்டே வந்தார். பாராமற்றாவைத் தாண்டியதும் கெஞ்சினார்.

"நாளைக்குக் கோயிலுக்குப் போவம். ஐயரிட்டைக் கேட்டால் ஏதும் பரிகாரம் சொல்லுவர். நீர் திரும்பத் தொடங்கலாம்."

"ஏன் நான்? உயிர் உங்கடையெல்லோ. நீங்களே கட்டுங்கோ."

"நான் மச்சம் விடவோ? டொக்டர் மீன் சாப்பிடச் சொன்னவரெல்லே?"

நான் அவரைத் திரும்பிப் பார்த்தேன். அவ்வளவுதான். அவர் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

அடுத்த நாளே கனடாவிலிருந்து போன் வந்தது. தம்பி சொல்லியிருக்கிறார். மச்சாள் அழுதார், திட்டினார், என் தம்பியைக் கொல்லப்போறீரோ என்றார். நான் கேட்டுக்கொண்டிருந்துவிட்டுச் சொன்னேன்.

"மச்சாள், நீங்கள் வைச்ச நேத்தி. நீங்கள் இண்டைக்கே மச்சத்தை விடுங்கோ. முருகன் கனடாவிலையும் இருக்கிறார்."

அதன்பிறகு அந்த எண்ணிலிருந்து எனக்கு அழைப்பு இல்லை.

என் கணவர் இப்போது சுத்த சைவம். கோயிலில் தேங்காய் உடைத்து, கையில் காப்புக் கட்டிக்கொண்டு வந்தார். யாராவது கேட்டால், "எல்லாம் மனிசிக்காக" என்பார் என்று எதிர்பார்த்தேன். அந்தளவுக்கு இன்னும் வரவில்லை. எனக்கு நன்றியாக இதைச் செய்யச் சொல்லி நான் கேட்டதுமில்லை, அவர் நினைத்ததுமில்லை. உயிர்ப்பயத்தில் செய்கிறார். ஒன்பது வருடத்தில் அன்புக்கு வராதது ஒரு பாதி மீனுக்கு வந்துவிட்டது. இதை நினைத்தால் இப்போதும் எனக்குக் கோபம் ஆறுவதில்லை. ஆறவேண்டும் என்று நான் முயற்சிப்பதும் இல்லை.

போன சனிக்கிழமை பின்வளவில் அடுப்பை மூட்டி, எனக்காக மட்டும் விளைமீன் குழம்பு வைத்தேன். கொதித்து மணம் எழும்பியதும் குசினி ஜன்னல் திறந்தது. உள்ளே அவர் பருப்பும் சோறும் வைத்துக்கொண்டு நின்றார்.

"உப்பு எப்பிடி?" என்றார். பழக்கதோஷம்.

நான் கரண்டியால் எடுத்து, இடது உள்ளங்கையில் ஒரு சொட்டு விட்டேன். ஊதி ஆறவைத்து நக்கினேன். கண்ணை மூடிக்கொண்டு நின்றேன். ஒரு சொட்டில் என்ன கிடக்கிறது என்று கேட்டவர் ஜன்னலில் பதிலுக்குக் காத்துக்கொண்டிருந்தார். நான் சொல்லவில்லை. இன்னொரு சொட்டு விட்டேன்.